முன்கட்டுக்கு ஆன செலவு

அண்ணா,

முத்திரைத்தாளுக்கென்று ஒரு வாசனை இருக்கிறது. பசையும் மையும், பூட்டிவைத்த அலமாரியின் மரமும் கலந்த வாசனை. நேற்றுக் காலை வெற்றிலைக் கொடிக்காலிலிருந்து வந்து கால் கழுவிக்கொண்டு உள்ளே நுழைந்தேன், கூடத்து மேசையிலிருந்து அது வந்தது. தாளைக் கண்ணால் பார்ப்பதற்கு முன்பே, யாரோ என் வீட்டின் மேல் எதையோ எழுதப்போகிறார்கள் என்று தோன்றியது. என் புத்தி உங்களுக்குத் தெரியும். வேலியோரம் யாராவது சும்மா நின்றால்கூட, எதற்கு நிற்கிறான் என்று கேட்டுவிட்டுத்தான் தண்ணீர் குடிப்பேன்.

வாங்கி வைத்தவன் என் மகன்தான். நீங்கள் குடிவந்தபோது பள்ளிக்கூடம் போகமாட்டேன் என்று அழுதுகொண்டிருந்த பயல், இப்போது மீசை முறுக்குகிறான். பெட்ரோல் கிடைக்காத இந்தச் சண்டைக் காலத்தில் முதுகில் அடுப்பைக் கட்டிக்கொண்டு புகை கக்கி நாமக்கல் போகிறதே கரி பஸ், அதில் ஒரு பங்கு விலைக்கு வருகிறதாம். அதற்குப் பணம் வேண்டுமாம்.

"ஏனுங்கப்பா, முன்கட்டு சும்மாதான கெடக்குது. போக்கியத்துக்கு உட்டுப்போடலாமுங்க. ஒரு வாத்தியார் கேக்கறாரு. ரெண்டாயிரம் குடுக்கறாராம். வட்டி சல்லிக்காசு கெடையாதுங்க" என்றான்.

வட்டி கிடையாது. இதே வார்த்தையை இதே கூடத்தில் நின்று என் மனைவியிடம் நான் சொன்னேன். அவள் அப்போது கேட்ட கேள்வி இன்றும் காதில் இருக்கிறது: "வட்டியில்லாம ஒருத்தரு எதுக்குங்க எட்டு நூறு ரூவா குடுப்பாரு?"

வெல்லமும் வெற்றிலையும் விலை போகாத வருஷங்கள் அவை. கொடிக்காலில் வாடல் விழுந்து பாதிக்கொடி பட்டுப்போயிருந்தது. மண்டியில் வாங்கிய கடன் வட்டியும் வட்டிக்கு வட்டியுமாக ஏறிக்கொண்டிருந்தது. அதை ஒரே அடியில் அடைத்துவிட எனக்குத் தெரிந்த ஒரே வழி போக்கியம். பணம் கொடுப்பவர் வீட்டில் குடியிருப்பார். அவர் வாடகை தரவேண்டாம், நான் வட்டி தரவேண்டாம். என்றைக்கு முதலைத் திருப்பிக் கொடுக்கிறேனோ அன்றைக்கு வீடு என்னுடையது. முன்கட்டை விட்டுவிட்டு நாங்கள் பின்கட்டுக்குப் போனால் போதும். கேட்பதற்கு எவ்வளவு சுளுவாக இருக்கிறது பாருங்கள்.

நீங்கள் சேலத்தில் ரயில்வே கார்டாக இருந்து ஓய்வு பெற்றவர். குவார்ட்டர்ஸைக் காலி செய்யவேண்டும், கையில் பண்டு பணம் இருக்கிறது, பிள்ளைகுட்டி இல்லை. உங்கள் சம்சாரத்தோடு, நான் அக்கா என்று கூப்பிட்டவர்களோடு, பஸ் ஏறிப் பரமத்தி வேலூருக்கு வீடு பார்க்க வந்தீர்கள். நீங்கள் சுவரைத் தட்டிப் பார்த்தீர்கள், கிணற்றை எட்டிப் பார்த்தீர்கள். அக்கா மட்டும் கூடத்தின் நடுவில் நின்று காதைக் கொடுத்துக் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

"இங்க ரயில் சத்தம் கேக்காதா?"

"ரயிலே கெடையாதுங்க்கா. காத்தடிச்சா காவேரிச் சத்தந்தான் கேக்கும்."

"அப்ப இந்த வீடுதாங்க" என்றார்கள் உங்களைப் பார்த்து. முப்பது வருஷம் பாத்திரம் பண்டம் அதிர அதிரத் தூங்கியவர்கள். எனக்கு அது அப்போது புரியவில்லை. அடுப்பங்கரையைக்கூடப் பார்க்காமல் ஒரு பெண்பிள்ளை வீட்டை முடிவு செய்கிறாள் என்றால் இதில் ஏதோ உள்விஷயம் இருக்கிறது என்றுதான் பட்டது.

பத்திரம் எழுதியவர் கடைசியாக ஒரு வரி வாசித்தார். குடியிருப்பவர் செய்யும் மராமத்துச் செலவை வீட்டை மீட்கும்போது முதலோடு சேர்த்துக் கொடுக்கவேண்டியது. எல்லாப் பத்திரத்திலும் எழுதுகிற வரிதான் என்றார். தை மாதம் கையெழுத்தானது, சித்திரைக் கோடைமழையில் முன்கட்டு மூலையில் ஒழுகியது. நீங்கள் என்னைக் கேட்காமலே ஆள் வைத்து ஓடு மாற்றிவிட்டீர்கள். எனக்கு அன்று முழுதும் சோறு இறங்கவில்லை. மாற்றுகிற ஒவ்வொரு ஓடும் என் வீட்டின் விலையை எனக்கே ஏற்றுகிறதே! நூறு ஓடு, இருநூறு ஓடு என்று எழுதிக்கொண்டே போனால் கடைசியில் எந்த ராஜா வந்து மீட்பது? மறுநாள் பின்பக்கமாக ஏணி போட்டு ஏறினேன். கூரை மேல் தவழ்ந்து புது ஓட்டையும் பழைய ஓட்டையும் பிரித்து எண்ணிக்கொண்டிருந்தபோது கீழே காபி டம்ளரோடு நீங்கள் நிற்பது தெரிந்தது.

"என்ன தம்பி, மேல எதாச்சும் காயப்போட்டிருக்கியா?"

"இல்லீங்ணா. பூன ஏறுச்சு. ஓடு கீடு ஒடஞ்சுபோச்சான்னு பாத்தனுங்க."

"பதினெட்டு. எண்ணிட்டு மெதுவா இறங்கு. பாசி வழுக்கும்."

நானும் எண்ணியிருந்தேன். பதினெட்டுதான். சரியாக இருந்ததே, அதுதான் எனக்கு இன்னும் சங்கடமாக இருந்தது. எண்ணிக்கையைச் சரியாகச் சொல்கிற ஆள் வேறு எங்கோ கை வைக்கப்போகிறார் என்று நினைத்தேன். இனிமேல் மராமத்து எல்லாம் நானே செய்வேன், நீங்கள் ஓர் ஆணிகூட அடிக்கக்கூடாது என்று சொல்லிவிட்டேன். சொன்னேனே தவிர செய்யப் பணம் ஏது? ஐப்பசி மழையில் அக்கா ஒழுகுகிற இடத்திலெல்லாம் பாத்திரம் வைத்தார்கள். அது நிரம்புகிற சத்தத்தைப் பின்கட்டிலிருந்து கேட்டுக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தேன். முடியாத கட்டத்தில் நீங்கள் ஆள் வைப்பீர்கள், நான் ஏணி வைப்பேன்.

ஆனால் ஓட்டுச் சமாசாரமெல்லாம் சில்லறை. பெரிய பயம் காபி கிளப்பில் வந்தது. கோர்ட்டு வாசலிலேயே பொழுதைக் கழிக்கிற ஒருவன் பக்கத்துப் பலகையில் உட்கார்ந்து இன்னொருவனுக்குச் சொல்லிக்கொண்டிருந்தான்.

"பன்னண்டு வருசம் ஒருத்தன் ஒரு ஊட்டுல குடியிருந்துட்டான்னா, அப்பறம் ஊடு அவனுளுதுங்க. ஒண்ணும் பண்ண முடியாது."

கையிலிருந்த இட்லி கையிலேயே நின்றுவிட்டது. "நடுவுல ஒரு நாளு காலி பண்ணிப்போட்டா?" என்று கேட்டேன்.

"அப்ப மறுக்கா மொதல்ல இருந்து எண்ணோணும்."

அவன் காபிக்கும் நானே காசு கொடுத்தேன். என் ஆயுளில் வேற்று ஆளுக்குக் காபி வாங்கிக் கொடுத்தது அந்த ஒரு தடவைதான்.

அப்படித்தான் ஆடி பதினெட்டு வந்தது. அன்றைக்கு ஊரே காவேரிக்குப் போகும், வீடுகள் பூட்டிக்கிடக்கும், யார் வீடு காலியாக இருந்தாலும் யாரும் ஏன் என்று கேட்கமாட்டார்கள். அதனால் அந்த நாளைப் பிடித்தேன். வருஷத்தில் அந்த ஒரு நாள் நீங்கள் முன்கட்டைக் காலி செய்து சாவியை என்னிடம் கொடுத்துவிட வேண்டும். அடுப்பு அணைந்திருக்கவேண்டும். ஒரு பாத்திரம், ஒரு பாய் உள்ளே இருக்கக்கூடாது. 'வீடு காலி செய்து சாவி ஒப்படைத்தேன்' என்று ஒரு சீட்டில் கையெழுத்தும் போடவேண்டும். சாயங்காலம் சாவியை நான் திருப்பிக் கொடுப்பேன், புதிதாகக் குடிவருவதுபோல வரலாம். இதை உங்களிடம் சொல்வதற்குள் எனக்கு வேர்த்துவிட்டது.

"நான் சேலம் போய்ட்டு வந்து சொல்றேன்" என்றீர்கள். உங்கள் தங்கை மகன் அங்கே ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருந்தான். இரண்டு நாள் கழித்து வந்தீர்கள். முகத்தில் ஒரு சிரிப்பு இருந்தது.

"சரி தம்பி. காலி பண்றோம். உனக்குத் தூக்கம் வரணும்ல."

சேலத்தில் யாரைப் பார்த்தீர்கள் என்று கேட்டேன். சும்மா ஒரு விசாரிப்பு என்றீர்கள். அந்தச் சிரிப்புக்கு என்ன அர்த்தம் என்று நான் ஒரு மாதம் மண்டையை உடைத்துக்கொண்டேன். அது எனக்குத் தெரிய இவ்வளவு வருஷம் ஆகியிருக்கிறது. பின்னால் சொல்கிறேன்.

முதல் சில வருஷங்கள் அது ஒரு வேடிக்கையாகவே நடந்தது. சட்டி பானையையெல்லாம் ஒரு மாட்டுவண்டியில் ஏற்றுவீர்கள். மேலே அக்கா உட்கார்ந்துகொள்வார்கள், மடியில் எலுமிச்சஞ்சோறும் தயிர்சோறும் தூக்குப்போசியில். நீங்கள் பழைய விசிலை எடுத்து ஊதுவீர்கள். "வேலூர் டவுன், வண்டி கிளம்புது" என்று தெருவெல்லாம் கேட்கக் கத்துவீர்கள். எங்கள் தெருப் பெண்கள் முளைப்பாரியைத் தலையில் வைத்துக்கொண்டே சிரித்தார்கள். என் மனைவிகூட முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டு சிரித்தாள். நான் சிரிக்கவில்லை. சாவியை மடியில் சொருகிக்கொண்டு முன்கட்டில் தனியாக நாள் முழுதும் உட்கார்ந்திருப்பேன். ஊர் முழுக்கக் காவேரிக்கரையில் மஞ்சள்கயிறு கட்டிக்கொண்டிருக்க, நான் என் சொந்த வீட்டைக் காவல் காத்தேன்.

வட்டியில்லாத கடனுக்கு நான் கொடுத்ததை இப்போது யோசித்துப் பார்க்கிறேன். முன்கட்டை வாடகைக்கு விட்டிருந்தால் மாதம் நாலு ரூபாய் வந்திருக்கும். ஏழு வருஷத்துக்கு முந்நூற்று முப்பத்தாறு ரூபாய் ஆகிறது. வராத பணம் என்பதால் அது போனது எனக்குத் தெரியவில்லை. யாராவது மாதாமாதம் வந்து நாலு ரூபாய் வட்டி கொடு என்று கேட்டிருந்தால் வயிறு எரிந்திருக்கும். யாரும் கேட்கவில்லை, அதனால் எரியவில்லை. பிறகு அந்த வாசல். ஏழு வருஷம் நாங்கள் மாட்டுக்கொட்டகைச் சந்து வழியாகத்தான் எங்கள் வீட்டுக்குள் போனோம். என் மகளைப் பெண் பார்க்க மோகனூர்ப் பக்கத்திலிருந்து வந்தார்களே, நினைவிருக்கிறதா? அக்கா முதல்நாளே வந்து, "முன்கட்டுலயே உக்கார வைங்க. நான் கூட்டி மெழுகித் தர்றேன்" என்றார்கள். நான் ஒத்துக்கொள்ளவில்லை. உங்களிடம் அனுமதி வாங்கி என் மகளை என் கூடத்தில் உட்கார வைத்தேன் என்று நாளைக்கு நாலுபேர் சாட்சி சொன்னால் என் கதி என்ன? மாப்பிள்ளை வீட்டார் சாணியை மிதித்துக்கொண்டு சந்து வழியாக வந்தார்கள். பலகாரத்தைத் தொட்டுவிட்டு, போய்ச் சொல்லியனுப்புகிறோம் என்றார்கள். சொல்லியனுப்பவே இல்லை. இரண்டு வருஷம் கழித்து அவளை வாழப்பாடிக்கு அப்பால் கட்டிக் கொடுத்தோம். வருஷத்துக்கு ஒருமுறை பார்ப்பதே பெரிதாக இருக்கிறது.

இதையெல்லாம்கூட நான் மறந்துவிடுவேன். ஏழாவது ஆடி பதினெட்டைத்தான் மறக்க முடியவில்லை.

அந்த வருஷம் அக்காவுக்கு மூச்சிளைப்பு கண்டிருந்தது. ஆடிக்காற்று தெருப்புழுதியையெல்லாம் அள்ளி வீசிக்கொண்டிருந்தது. பதினேழாம் தேதி சாயங்காலம் நீங்கள் சந்து வழியாக என்னைத் தேடி வந்தீர்கள். முதல் தடவையாக நீங்கள் அந்தச் சந்தில் கால் வைத்தது அன்றைக்குத்தான்.

"இந்த ஒரு வருஷம் விட்டுடலாமா தம்பி? அவ எந்திரிச்சு உக்காரக்கூட முடியல."

நான் என்ன நினைத்தேன் என்பதை இன்று உங்களிடம் ஒளிக்கப்போவதில்லை. முந்தாநாள்தானே அக்கா முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்ததைப் பார்த்தேன், அதற்குள் எழுந்து உட்கார முடியவில்லையா என்று நினைத்தேன். ஆறு வருஷம் சிரித்துக்கொண்டே போனவர் ஏழாவது வருஷம் ஏன் நிற்கிறார் என்று நினைத்தேன். ஒரு தடவை விட்டால் ஆறு சீட்டும் செல்லாமல் போய்விடும் என்று எனக்கு நானே ஒரு சட்டம் எழுதிக்கொண்டேன்.

"ஒரு மணி நேரம் போதுமுங்ணா. கட்டலோட தூக்கி எதுத்தாப்பல வேப்பமரத்தடியில வெச்சாப் போதுமுங்க. வாசல் தாண்டோணும், அவ்வளவுதான்" என்றேன்.

நீங்கள் சந்து வழியாகவே திரும்பிப் போனீர்கள். மறுநாள் காலை இரண்டு கூலியாட்கள் வந்தார்கள். விசில் இல்லை. கட்டிலின் நான்கு காலையும் பிடித்துத் தூக்கிக்கொண்டு போய் வேப்பமரத்தடியில் வைத்தார்கள். நீங்கள் ஒரு போர்வையைக் கையால் விரித்துப் பிடித்துக்கொண்டு காற்று வருகிற பக்கம் நின்றீர்கள். சீட்டில் கையெழுத்துப் போட்டுச் சாவியைக் கொடுத்தீர்கள். நான் உள்ளே போனேன்.

ஒரு மணி நேரம் என்று சொன்னவன் நான். உள்ளே போனவன் என்ன செய்தேன் தெரியுமா? தேடினேன். சுவரில் புதிதாக ஏதாவது இருக்கிறதா, தரையில் காரை போட்டிருக்கிறார்களா, அடுப்பு இடம் மாறியிருக்கிறதா என்று மூலை மூலையாகத் தேடினேன். பரணில் ஏறிப் பார்த்தேன். கதவு நிலையைச் சுரண்டிப் பார்த்தேன். வடக்குச் சுவரில் ஓர் ஆணி தென்பட்டது, புது ஆணி. அதில் அக்காவின் செபமாலையை மாட்டுவார்கள்போல, சுவரில் சிலுவை உரசிய தடம் இருந்தது. ஓர் ஆணிகூட அடிக்கக்கூடாது என்று சொல்லியிருந்தேனே! பிடித்துவிட்டேன் என்று எனக்கு ஒரு சந்தோஷம். அந்த ஆணியை எப்படிக் கேட்பது என்று வார்த்தை கூட்டிக்கொண்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். வெளியே அக்கா இருமுகிற சத்தம் வந்துகொண்டுதான் இருந்தது. காதில் விழுந்தது, மனதில் விழவில்லை. என் மனைவி வந்து கதவைத் தட்டி, "மனுசந்தானா நீங்க? உச்சி சாஞ்சுபோச்சு" என்று கத்திய பிறகுதான் வெளியே வந்தேன். மூன்று மணி நேரத்துக்கு மேல் ஆகியிருந்தது. உங்கள் தலைமுடியெல்லாம் புழுதி. போர்வையைப் பிடித்த கை அப்படியே நின்றது.

புரட்டாசியில் அக்கா போய்விட்டார்கள். சேலத்துக்கு எடுத்துப்போய் அடக்கம் செய்தீர்கள். முன்பே நோய் இருந்தது, காற்றால்தான் என்று யார் சொல்ல முடியும் என்று வைத்தியர் சொன்னார். நானும் அதைப் பிடித்துக்கொண்டேன். எல்லார் பேச்சையும் சந்தேகப்படுகிற நான் அந்த ஒரு பேச்சை மட்டும் உடனே நம்பினேன்.

மார்கழியில் நீங்கள் சேலம் போகப்போவதாகச் சொன்னீர்கள். "பணத்துக்கு அவசரமில்லை தம்பி. உன்னால எப்ப முடியுதோ அப்பக் குடு" என்றீர்கள். அதையும் நான் நம்பவில்லை. குடியில்லாத போக்கியத்துக்கு வட்டி ஏறும், ஆறுமாதம் கழித்து வக்கீல் நோட்டீஸ் வரும், அதற்குத்தான் இந்த இனிப்புப் பேச்சு என்று முடிவுகட்டினேன். ஒரே மாதத்தில் ஆற்றோரத்து அரை ஏக்கரைக் கேட்ட விலைக்கு விற்றேன். தொள்ளாயிரம் கிடைத்தது. அடுத்த வருஷம் சண்டை மும்முரமாகி விலையெல்லாம் ஏறியது. அதே அரை ஏக்கர் இப்போது இரண்டாயிரத்துக்கு மேல் போகிறது. அங்கே வேறொருவன் கொடிக்கால் போட்டிருக்கிறான். தினமும் அதன் வரப்பில்தான் நடந்து போகிறேன்.

தை பிறந்ததும் கூடத்தில் உட்கார்ந்து கணக்குத் தீர்த்தோம். நீங்கள் மராமத்துச் சீட்டை எடுத்து வைத்தீர்கள். இதற்குத்தான் ஏழு வருஷமாகக் காத்திருந்தேன். வரி வரியாக விரலை வைத்துப் படித்தேன். ஓடு, சுண்ணாம்பு, ஆள் கூலி. நான் கூரை மேல் எண்ணிய எண்ணிக்கைக்கு ஓர் ஓடு கூடவில்லை. வடக்குச் சுவர் ஆணியைக்கூட எழுதி, எதிரே 'சொந்தச் செலவு' என்று போட்டிருந்தீர்கள். மொத்தம் நாற்பத்தொரு ரூபாய் ஆறணா. கடைசியில் ஒரு வரி மட்டும் அடிக்கப்பட்டிருந்தது. 'ஆடி பதினெட்டு, கட்டில் தூக்க ஆள் இரண்டு, போக வர, எட்டணா.'

மடியிலிருந்து ஓர் எட்டணா வெள்ளிக்காசை எடுத்து நீட்டினேன். "இதையுஞ் சேத்து வாங்கிக்குங்கணா" என்றேன்.

"அது வீட்டுக்கு ஆன செலவு இல்லை தம்பி" என்றீர்கள். மீதியை எண்ணி வாங்கிக்கொண்டு, சாவியை மேசைமேல் வைத்துவிட்டு, பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று எழுந்தீர்கள். அதன்பிறகு உங்களை நான் பார்க்கவில்லை. போன வருஷம் நீங்களும் போய்விட்டீர்கள் என்று உங்கள் தங்கை மகனிடமிருந்து கார்டு வந்தது. சேலம் போய் உங்கள் கோயில் கல்லறைத் தோட்டத்தில் நீங்களும் அக்காவும் பக்கத்தில் பக்கத்தில் இருப்பதைப் பார்த்தேன். அங்கேயும் தண்டவாளச் சத்தம் கேட்கிறது அண்ணா. அக்காவுக்கு அது பிடிக்காதே என்று மனது அடித்துக்கொண்டது. கோயில் உண்டியல் வரைக்கும் போய் அந்த எட்டணாவை மடியிலிருந்து எடுத்தேன். போடவில்லை. போட்டுவிட்டு நிம்மதியாகப் பஸ் ஏறுவேனோ என்று என்மேலேயே எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது.

உங்கள்மேலும் ஒரு சந்தேகம் மிச்சமிருக்கிறது. அந்த வரியை ஏன் அப்படி அடித்தீர்கள்? ஒற்றைக் கோடு, அதுவும் மெல்லிசாக. கீழே எழுத்து பளிச்சென்று தெரிகிறது. ரயில்வேயில் முப்பது வருஷம் எழுதிய கைக்கு நன்றாக அடிக்கத் தெரியாதா? நேர்மையாகக் கழித்தீர்களா, நான் படிக்கவேண்டும் என்று விட்டீர்களா? எத்தனையோ தடவை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டேன், தெரியவில்லை.

நேற்று மகனிடம் முதலில் கேட்டது அந்தப் பன்னிரண்டு வருஷத்தைத்தான். "அந்த வாத்தியாரு பன்னண்டு வருசம் இருந்துட்டா என்னடா பண்ணுவே?"

அவன் சிரித்துவிட்டான். "வக்கீலக் கேட்டுட்டுத்தானுங்க வந்தேன். போக்கியத்துக்கு இருக்கறவரு எத்தன வருசம் இருந்தாலும் ஊடு நம்முளுதுதானுங்களாமா. அந்தப் பன்னண்டு வருசக் கணக்கு இதுக்குச் செல்லாதுங்களாமா. அறுவது வருசங் கழிச்சுக்கூட மீட்டுக்கலாமுன்னாரு."

அப்படியானால் ஏழு சீட்டும் வெறும் காகிதம். ஏழு ஆடி பதினெட்டும் ஒன்றுக்கும் ஆகாதவை. அந்த மூன்று மணி நேரமும். இதை நீங்கள் முதல் வருஷமே சேலத்தில் கேட்டுத் தெரிந்துகொண்டுதான் சிரித்துக்கொண்டே வந்தீர்களா? தெரிந்திருந்தால் ஏன் அண்ணா என்னிடம் சொல்லவில்லை? சொன்னாலும் நான் நம்பியிருக்கமாட்டேன், அது உங்களுக்குத் தெரியும். அதையும் தெரிந்துகொண்டுதான் வருஷா வருஷம் வண்டியில் ஏறினீர்கள்போல. ஏழாவது வருஷமாவது என் சட்டையைப் பிடித்துச் சொல்லியிருக்கலாம். நான் கோபப்பட வேண்டியது என்மேல்தான். ஆனாலும் உங்கள்மேலும் கொஞ்சம் கோபமாக இருக்கிறது.

பிறகு பெட்டியைத் திறந்து உங்கள் மராமத்துச் சீட்டை எடுத்து மகன் கையில் கொடுத்தேன். படித்தான்.

"நாப்பத்தொரு ரூவா ஆறணா. ஏழு வருசத்துக்கு இவ்வளவுதானுங்களா செலவு? பரவால்லீங்களே!"

"அடிச்ச வரியையும் படி."

படித்தான். "எட்டணாங்க" என்றான்.

அவனுக்கு நான் எல்லாவற்றையும் சொன்னேன். அவன் அம்மாவுக்குத் தெரியும், அவனுக்கு அந்த மூன்று மணி நேரம் முழுதாகத் தெரியாது. ஆற்றில் விளையாடப் போயிருந்தான் அன்றைக்கு. "அதுக்கும் இதுக்கும் என்னங்கப்பா? இந்த வாத்தியார் நல்ல மனுசருங்க. அவரும் அவங்கம்மாவுந்தானுங்க. நெசமாலுமே ஒரு வம்புக்கும் வரமாட்டாருங்க" என்றான்.

நல்ல மனுஷர்தான். நேற்று மாலை வந்து வீட்டைப் பார்த்துவிட்டுப் போனார். அவருடைய தாயாருக்குக் கண் மங்கல், நிலைப்படியைக் காலால் தடவித் தாண்டினார்கள். வாத்தியார் கூரையை அண்ணாந்து பார்த்து, "மூலையில ரெண்டு ஓடு மாத்தணும் போலயே" என்றார். அந்த நிமிஷமே எனக்குள் ஏதோ எழுந்து உட்கார்ந்தது. ரெண்டு என்று எப்படிச் சொன்னார், எண்ணினாரா, யார் கணக்கில் மாற்றுவார் என்று மனது ஓடியது. ஏணி எங்கே இருக்கிறது என்றுகூட நினைத்துவிட்டேன். அவரிடம் தவறு ஒன்றுமில்லை. அவரையும் அந்தக் கிழவியையும் இந்த முன்கட்டில் வைத்துவிட்டுப் பின்கட்டில் உட்காரப்போகிற ஆளைத்தான் எனக்கு நன்றாகத் தெரியும்.

இன்று காலை மகன் நாமக்கல் போயிருக்கிறான். சாயங்கால பஸ்ஸில் பத்திரம் எழுதுகிறவரைக் கூட்டிக்கொண்டு வருவான். நான் இன்னும் வேண்டாம் என்று சொல்லவில்லை அண்ணா. சொல்ல நினைத்தேன், அவன் முகத்தைப் பார்த்ததும் வாய் வரவில்லை. இரண்டாயிரம் ரூபாய், வட்டி கிடையாது, சட்டமும் நம் பக்கம் என்று மறுபடி மறுபடி சொல்கிறான். கேட்கக் கேட்க எனக்கும் சரியென்றுதான் படுகிறது. அவன் வருகிறவரைக்கும் தாள் மேசையில் அப்படியே இருந்தால் நானே கையெழுத்துப் போட்டுவிடுவேன்.

அதனால்தான் மத்தியானம் சாப்பிட்டு எழுந்ததும் பேனாவை எடுத்தேன். காகிதம் கிடைக்காத காலம் இது. வீட்டில் வேறு தாளும் இல்லை. அவன் வாங்கிவைத்த முத்திரைத்தாளிலும், அதனோடு சேர்க்க வாங்கிய வெள்ளைத்தாள்களிலும்தான் இதை உங்களுக்குப் பொடிப்பொடியாக எழுதிக்கொண்டு வருகிறேன். கடைசித்தாளின் அடிக்கு வந்துவிட்டேன். இனி இதில் யாரும் எதுவும் எழுத முடியாது. எட்டணா மடியில் இருக்கிறது. தெருமுனையில் கரி பஸ்ஸின் சத்தம் கேட்கிறது.